கருங்கல் குரலைச் சேமிக்குமா?

அம்பாசமுத்திரத்திலிருந்து இளம் எழுத்தாளர் ஒருவர் கேட்டிருக்கும் கேள்வியை முதலில் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அவர் எழுதிவரும் அறிவியல் புதினத்தில் புவியியல் ஆய்வாளர் ஒருவர் "ஒலிப்படிவுக் கொள்கை" என்ற ஒன்றை முன்வைக்கிறார். பேச்சும் பாட்டும் மேளமும் காற்றோடு கரைந்து போவதில்லை. அவை அருகிலுள்ள கருங்கல்லில் படிந்து தங்குகின்றன. ஐப்பசி மழையில் கல் ஊறும்போது படிந்த ஒலி மீண்டும் வெளிவருகிறது என்பது அந்தக் கொள்கை. கதையின் உச்சக் காட்சி நெல்லையப்பர் கோயில் மணிமண்டபத்தில் நடக்கிறது. முந்நூறு ஆண்டுகளுக்கு முன் அங்கே பாடிய ஒரு பெண்ணின் குரல், மழை இரவொன்றில் இசைத்தூணிலிருந்து கேட்கிறது. இயற்பியல் படித்த வாசகர் அந்தப் பக்கத்தில் புத்தகத்தை மூடிவிடாதபடி இதை எழுத வழி உண்டா என்பது கேள்வி.

வழி உண்டு. ஆனால் அந்தப் பெண்ணின் குரலை நீங்கள் விட்டுக்கொடுக்க வேண்டியிருக்கும். கல்லுக்கு ஒருவகை நினைவு இருப்பது உண்மை. அந்த நினைவில் சொல்லுக்கும் பாட்டுக்கும் இடமில்லை என்பதும் உண்மை. பாளையங்கோட்டையில் முப்பது ஆண்டுகளுக்கு மேல் இயற்பியல் கற்பித்தவன் என்ற முறையில், எது தடை, எது துணை என்பதைக் கணக்கோடு சொல்ல முயல்கிறேன்.

உங்கள் ஆய்வாளருக்கு மதிப்புமிக்க முன்னோடி ஒருவர் இருக்கிறார். கணிப்பொறியின் தந்தை என்று போற்றப்படும் சார்ல்ஸ் பாபேஜ், 1837-இல் வெளியிட்ட நூலொன்றில், மனிதர் பேசிய ஒவ்வொரு சொல்லும் காற்றின் துகள்களில் என்றென்றைக்கும் பதிந்திருக்கிறது என்றும், போதிய கணக்கறிவு உள்ள ஒருவரால் அதை மீண்டும் படித்துவிட முடியும் என்றும் வாதிட்டார். துகள்களின் இயக்கம் அழிவதில்லை என்ற அளவில் அவர் சொன்னது தவறன்று. ஆனால், சாதாரணப் பேச்சு 60 டெசிபல் என்று கொண்டால், அது காற்றுத் துகள்களுக்குத் தரும் கூடுதல் வேகம் விநாடிக்கு ஒரு மில்லிமீட்டரில் இருபதில் ஒரு பங்கு. அதே துகள்கள், யாரும் பேசாதபோதும், அறை வெப்பத்தின் காரணமாக விநாடிக்கு ஏறத்தாழ 470 மீட்டர் வேகத்தில் திசைக்கொன்றாகப் பாய்ந்து ஒன்றோடொன்று மோதிக்கொண்டிருக்கின்றன. தேரோட்டக் கூட்டத்தின் நடுவே ஒருவர் பெருமூச்சு விட்டால், மறுநாள் ரத வீதியில் அதைத் தேடிக் கண்டெடுப்பது எப்படியோ அப்படித்தான் இதுவும்.

ஆற்றல் கணக்கையும் பார்த்துவிடுவோம், ஏனென்றால் ஒலியைப் பற்றிய கற்பனைகள் பெரும்பாலும் இங்கேதான் கவிழ்கின்றன. ஒருவர் இயல்பாகப் பேசும்போது வாயிலிருந்து வெளியேறும் ஒலித்திறன் ஒரு வாட்டின் பத்து லட்சத்தில் இருபது பங்கு என்ற அளவில் இருக்கிறது. 200 மில்லிலிட்டர் தண்ணீரை 30 பாகையிலிருந்து 80 பாகைக்குச் சூடாக்க 42,000 ஜூல் வேண்டும். பேச்சின் ஆற்றல் துளியும் சிந்தாமல் அந்தத் தண்ணீருக்குள் போய்ச் சேர்ந்தாலும், ஒரு டம்ளர் காப்பிக்கு அவர் இரவு பகலாக அறுபத்தாறு ஆண்டுகள் பேச வேண்டும். (எங்கள் தெருவில் அதற்குத் தகுதியான இருவர் இருக்கிறார்கள் என்பது வேறு செய்தி.)

இந்தச் சிறிய ஆற்றலும் முழுதாகக் கல்லுக்குப் போவதில்லை. காற்று மென்மையான ஊடகம்; கருங்கல் அடர்த்தியும் விறைப்பும் மிகுந்தது. இவ்வளவு வேறுபட்ட இரண்டு ஊடகங்கள் சந்திக்கும் எல்லையில் ஒலி பெரும்பாலும் திருப்பி அனுப்பப்படுகிறது. பத்தாயிரத்தில் ஒரு பங்கு மட்டுமே உள்ளே நுழைகிறது. கோயில் பிரகாரத்தில் கைதட்டினால் எதிரொலி இவ்வளவு துல்லியமாகத் திரும்புவதற்குக் காரணம், கல் அதை வாங்க மறுப்பதுதான். ஆகவே, "கல் ஒலியை உறிஞ்சுகிறது" என்ற வாக்கியத்தை உங்கள் ஆய்வாளரின் வாயிலிருந்து முதல் வேலையாக நீக்கிவிடுங்கள். ஒலியை உறிஞ்சுவது கூட்டமும், துணிப்பந்தலும், வைக்கோலும்தான்; அவை உறிஞ்சியதை உடனே வெப்பமாக்கிவிடுகின்றன.

குரலை விடவே மாட்டேன் என்று நீங்கள் பிடிவாதம் பிடித்தால், கல்லை விட்டுவிட்டு மண்ணுக்கு வாருங்கள். குரல் பதிவதற்கு மூன்று வேண்டும்: ஒலிக்கு ஏற்ப அசையும் ஒரு முனை, அதன் கீழே சீரான வேகத்தில் நகரும் ஒரு பரப்பு, பதிந்த பின் மாறாமல் நிற்கும் பொருள். பிரான்சில் எடுவார் லெயோன் ஸ்கோட் 1857-இல் காப்புரிமை பெற்ற கருவி, கரி படிந்த தாளின்மேல் ஒலியைக் கோடாக வரைந்தது. அதை ஒலிக்கச் செய்ய அவருக்கு வழி தெரியவில்லை. அவர் 1860-இல் வரைந்த ஒரு கோடு 2008-இல் கணினியின் உதவியால் பாட்டாகக் கேட்கப்பட்டது. எடிசனின் கருவி 1877-இல் வந்தது. இந்த மூன்று தேவைகளும் எடிசனுக்குப் பல ஆயிரம் ஆண்டுகள் முன்பே ஓரிடத்தில் கூடியிருந்தன. அது குயவரின் சக்கரம். ஈரக் களிமண் சுழல்கிறது, வனைபவரின் கையிலுள்ள குச்சி அதன்மேல் சுற்றுக்கோடு இடுகிறது, பிறகு சூளை அதை உறையவைக்கிறது. ரிச்சர்ட் உட்பிரிட்ஜ் என்ற அமெரிக்கர் 1969-இல் மின்பொறியாளர்களின் ஆய்விதழ் ஒன்றுக்கு இந்தக் கருத்தை ஒரு கடிதமாகவே எழுதினார்.

தாமிரபரணிக் கரையில் கதை எழுதும் ஒருவருக்கு இதைவிடப் பெரிய கொடை என்ன வேண்டும்? ஆதிச்சநல்லூர் உங்கள் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கிறது. 1876-இல் ஜெர்மானியரான யாகோர் அங்கே தோண்டினார். அடுத்து அலெக்சாண்டர் ரீ 1899 முதல் விரிவாக அகழ்ந்து தாழிகளையும் கலங்களையும் வெளிக்கொணர்ந்தார். புதைத்த பெருந்தாழியைவிடச் சக்கரத்தில் வனைந்த சிறு கலயமே உங்கள் காட்சிக்கு ஏற்றது. ஆனால் இங்கேயும் கணக்கு குறுக்கே நிற்கிறது. 60 டெசிபல் பேச்சில், 500 ஹெர்ட்ஸ் அளவில், காற்று முன்னும் பின்னும் அசையும் தூரம் சுமார் 15 நானோமீட்டர். களிமண் என்று நாம் அழைப்பதன் துகள் 2,000 நானோமீட்டர் வரை பருமன் உடையது. குயவர் கலயத்தின் வாய்மேல் குனிந்து 80 டெசிபலில் கத்தினாலும் அசைவு 150 நானோமீட்டரைத் தாண்டாது. கூழாங்கற்களை அடுக்கி அதன்மேல் கையெழுத்துப் போட முயல்வதைப் போன்றது இது. நான் அறிந்தவரை, கேட்கத்தக்க பேச்சை எந்தப் பழங்கலத்திலிருந்தும் யாரும் எடுத்துக் காட்டியதில்லை. ஆகையால் மண்ணும் உங்களைக் கைவிடுகிறது, கல்லுக்கே திரும்புவோம்.

கல்லின் நினைவு என்று சொன்னேன் அல்லவா, அது இரண்டு வகையாக அறியப்பட்டிருக்கிறது. முதலாவது, மியூனிக்கில் யோசப் கைசர் 1950-இல் தம் ஆய்வேட்டில் விவரித்தது. ஒரு பொருளை அழுத்தினால் அதன் உள்ளே நுண்ணிய வெடிப்புகள் உண்டாகி மெல்லிய ஒலிகளை எழுப்புகின்றன. அழுத்தத்தை நீக்கிவிட்டு மறுபடி அழுத்தினால், முன்பு எட்டிய உச்ச அழுத்தத்தைத் தாண்டும் வரை அந்தப் பொருள் பெரும்பாலும் மௌனமாக இருக்கிறது. தாண்டியதும் மீண்டும் சடசடக்கத் தொடங்குகிறது. பாறையும் இப்படி நடந்துகொள்வதால், அது தாங்கியிருந்த அழுத்தத்தை மதிப்பிடச் சுரங்கப் பொறியாளர்கள் இதைப் பயன்படுத்துகிறார்கள். தன்னை மிகக் கடுமையாக நடத்திய ஒரு பொழுதைக் கல் நினைவில் வைத்திருக்கிறது; மற்றவற்றை மறந்துவிடுகிறது.

இரண்டாவது இன்னும் நுட்பமானது, உங்கள் கதைக்கு மிகவும் வேண்டியது. கருங்கல் நாம் நினைப்பதுபோல் ஒரே உடம்பு அன்று. அது படிகமணிகளின் கூட்டம். மணிகளுக்கிடையே கண்ணுக்குத் தெரியாத பிளவுகளும் தொடுகைகளும் இருக்கின்றன. போதிய வலிமையுள்ள அதிர்வு சிறிது நேரம் அதனூடே சென்றால், கல்லின் விறைப்பு மிகச் சிறிதளவு குறைகிறது. அதிர்வு நின்றதும் பழைய விறைப்பு உடனே திரும்புவதில்லை. முதலில் விரைவாகவும், பிறகு மேலும் மேலும் மெதுவாகவும் அது மீள்கிறது. முதல் பத்து விநாடியில் மீளும் அளவை, அடுத்து மீளத் தொண்ணூறு விநாடி வேண்டும்; அதற்கடுத்த அதே அளவுக்குத் தொள்ளாயிரம் விநாடி. அமெரிக்காவின் லாஸ் அலமோஸ் ஆய்வகத்தார் 1996-இல் மணற்கல்லில் அளந்து காட்டிய இந்த நிகழ்வை "மந்த மீட்சி" என்று தமிழில் சொல்லலாம் என்று தோன்றுகிறது. அதிர்ந்த கல் தான் அதிர்ந்ததை உடனே மறப்பதில்லை என்பதற்கு இதைவிட நல்ல சான்று கிடையாது. இது தெளிவாகத் தோன்றுவதற்குக் கல் தன் நீளத்தில் ஏறத்தாழ பத்து லட்சத்தில் ஒரு பங்காவது மாறி மாறிச் சுருங்கி விரிய வேண்டும். மேளக்கச்சேரியின் அருகே, 100 டெசிபல் ஒலியில், ஒரு சாதாரணக் கற்சுவர் மாறுவது ஆயிரம் கோடியில் ஒரு பங்கு. பத்தாயிரம் மடங்கு போதவில்லை.

இந்தப் பத்தாயிரத்தை ஈடுசெய்யச் சுவரால் முடியாது, தூணால் ஏறத்தாழ முடியும். நெல்லையப்பர் கோயிலின் இசைத்தூண்களை, கோயில் மரபு, ஏழாம் நூற்றாண்டுப் பாண்டிய மன்னன் நின்றசீர் நெடுமாறனோடு இணைத்துப் பேசும். ஒரே கல்லில் நடுவே பருத்த தூணும், அதைச் சூழ மெல்லிய சிறு தூண்களும் கடைந்தெடுக்கப்பட்டிருக்கின்றன. இவற்றுக்குள்ளே துளை இருக்கிறது, குழல் இருக்கிறது என்று வழிகாட்டிகள் சொல்வதை நம்ப வேண்டியதில்லை. கீழும் மேலும் இறுகப் பிடிக்கப்பட்ட கற்கோல் நடுவில் வளைந்து அதிர்வதுதான் அந்த நாதம். கர்நாடகத்திலுள்ள ஹம்பியின் விட்டலர் கோயில் தூண்களைக் கல்பாக்கம் இந்திரா காந்தி அணு ஆராய்ச்சி மையத்தினர் ஆராய்ந்தபோதும் வளைவு அதிர்வே நாதத்துக்குக் காரணம் என்று கண்டார்கள். இந்த அதிர்வெண் தூணின் பருமனுக்கு நேர்விகிதத்திலும், உயரத்தின் இருமடிக்கு எதிர்விகிதத்திலும் அமையும். ஆகவே உயரத்தைப் பத்தில் ஒரு பங்கு குறைத்தால் சுருதி நாலில் ஒரு பங்குக்குச் சற்றுக் குறைவாக ஏறிவிடும். சிற்பி உளியால் சுருதி சேர்த்தார் என்றால் அதன் பொருள் இதுதான். அடிப்படைச் சுருதியோடு சேர்ந்து எழும் உயர்ந்த ஒலிகளான மேல்தொனிகள், தந்திக்கருவியைப்போல் இரண்டு, மூன்று என்று முழு எண் மடங்காக வருவதில்லை; 2.76, 5.40 என்று விலகி நிற்கின்றன. அதனால்தான் தூணின் ஓசை மணியின் சாயலில் கேட்கிறது. (மிருதங்கம் இதே சிக்கலிலிருந்து தப்பியது வலந்தலையின் நடுவிலுள்ள கரும்பூச்சினால். அது மேல்தொனிகளை முழு எண் மடங்குகளாக இழுத்து வருவதைச் சி. வி. ராமன் 1920-இல் எடுத்துக்காட்டினார்.)

உங்கள் கதைக்காக ஒரு தூணைக் கற்பனை செய்து தாளில் கணக்கிட்டுப் பார்த்தேன். விட்டம் 10 சென்டிமீட்டர், உயரம் 1.2 மீட்டர் என்றால், அது சுமார் 278 ஹெர்ட்ஸில் அதிரும். நம் இசைக்காரர்கள் மொழியில் ஒன்றரைக் கட்டை. அதே சுருதியில் 100 டெசிபல் ஒலி தூணின்மேல் இடைவிடாமல் விழுந்தால், மெலிந்த உடம்பு வளைவதால் சில பத்து மடங்கும், ஒவ்வோர் அலையும் முந்தைய அலையோடு சேர்ந்துகொள்ளும் ஒத்ததிர்வால் சில நூறு மடங்கும் பெருக்கம் கிடைக்கிறது. இரண்டையும் பெருக்கினால் நாம் தேடிய பத்தாயிரத்தின் அருகில் வந்துவிடுகிறோம். கணக்கு மிகவும் தாராளமானது. முனைகள் சற்றே தளர்ந்திருந்தாலும் பெருக்கம் குறைந்துவிடும். ஆயினும், புதினத்துக்கு இவ்வளவு இயற்பியல் வலு போதும்.

இங்கே ஒரு நிபந்தனையைக் கவனியுங்கள். ஒலி அதே சுருதியில் நின்று நிலைக்க வேண்டும். பாடும் பெண்ணின் குரல் சுரத்துக்குச் சுரம் தாவுகிறது, கமகத்தில் அசைகிறது. தூணுக்கு அதைப் பிடித்துக்கொள்ள நேரம் கிடைப்பதில்லை. தவிலின் அடி கணத்தில் முடிந்துவிடுகிறது. நாகசுர வித்துவானும் ராகத்தை விரித்துக்கொண்டு போய்விடுகிறார். கோயிலில், நாள் தவறாமல், பூசைக்குப் பூசை, ஒரே ஒரு சுருதியை மட்டும் மூச்சு விடாமல் பிடித்துக்கொண்டு நின்றவர் ஒருவர்தான். அவர் நாகசுரத்துக்குத் துணையாக ஒத்து என்ற சுருதிக்குழலை ஊதியவர். கச்சேரியில் யாரும் அவர் முகத்தைக்கூடப் பார்ப்பதில்லை. பின்னாளில் சுருதிப்பெட்டி வந்து அவரை வேலையிலிருந்தே விலக்கியும்விட்டது. முந்நூறு ஆண்டு இசையில் அந்தக் கல் எதையாவது நினைவில் வைத்திருக்கிறது என்றால், அது ஒத்துக்காரரைத்தான்.

ஆகவே உங்கள் கொள்கையை இப்படித் திருத்தி அமைக்கலாம் என்பது என் கருத்து: ஒலி கல்லில் படிவதில்லை, கல்லைப் பழக்குகிறது. இயற்பியலில் நீங்கள் சொல்ல வேண்டிய பொய்யும் ஒன்றோடு நின்றுவிடும். உண்மையில் மந்த மீட்சி நிறைவடைந்துவிடும், கல் பழைய நிலைக்குத் திரும்பிவிடும். உங்கள் புதினத்தின் உலகில் மட்டும், நாள்தோறும் பலமுறை அதே சுருதியில் அதிர்விக்கப்பட்ட தூண் முழுமையாக மீள்வதில்லை; ஆண்டுக்காண்டு ஒரு சிறு தளர்ச்சி மிஞ்சுகிறது. மற்றெல்லா விதிகளும் நம் உலகின் விதிகளாகவே இருக்கட்டும். அறிவியல் புதினத்தில் ஒரு விதியை வளைத்தால் வாசகர் மகிழ்ச்சியோடு கூட வருவார். மூன்றை வளைத்தால் அது மாயாஜாலக் கதையாகிவிடும். அதுவும் நல்ல வகைதான், ஆனால் நீங்கள் எழுதுவதாகச் சொன்னது அதுவன்று.

மழையைப் பற்றி நீங்கள் கொண்ட உள்ளுணர்வு, வியப்புக்குரிய முறையில், சரியான பக்கத்தில் இருக்கிறது. நுண்பிளவுகளில் ஈரம் ஏறினால் பாறையின் விறைப்பு தளர்கிறது, அதிர்வும் விரைவாகத் தணிகிறது. வடகிழக்குப் பருவமழையில் ஊறிய தூண் கோடையில் ஒலித்ததைவிடச் சற்றே தாழ்ந்த சுருதியில், மந்தமாக ஒலிக்கும் என்று எழுதினால் யாரும் மறுக்க முடியாது. எனவே மழை கல்லைப் பேசவைக்காது. பழகிய தூணுக்கும் பழகாத தூணுக்கும் உள்ள வேறுபாட்டைப் பெரிதாக்கிக் காட்டுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். பிளவு மிகுந்த தூணில் ஈரம் அதிகம் ஏறும் என்பதால் இது இயல்பாகவே பொருந்தும்.

உங்கள் கதையில் ஊர்மக்கள் "நடுச்சாமத்தில் பாறை மேளம் அடிக்கிறது" என்று நம்புவதாக ஒரு கிளைக்கதை இருக்கிறது. அதை நீக்க வேண்டாம். அதற்கு உண்மையான காரணம் இருக்கிறது. பகலில் தரை சுடுவதால் மேலே போகப் போகக் காற்று குளிர்ந்திருக்கும். ஒலி மேல்நோக்கி வளைந்து நம் தலைக்கு மேலே போய்விடும். தெளிந்த இரவில் தரை விரைவாகக் குளிர்கிறது, குறிப்பாக ஆற்றங்கரை வயல்வெளியில். அப்போது மேலே உள்ள காற்றுதான் வெதுவெதுப்பாக இருக்கும். காற்று ஒரு பாகை சூடேறினால் ஒலியின் வேகம் விநாடிக்கு 0.6 மீட்டர் கூடுவதால், மேலே செல்லும் ஒலி முந்திக்கொண்டு கீழ்நோக்கி வளைந்து, தொலைவில் தரையில் வந்து இறங்குகிறது. சுடலைமாடன் கொடையில் கணியான் அடிக்கும் மகுடம், பகலில் அடுத்த தெருவோடு நின்றுவிட்டு, நள்ளிரவில் ஆற்றைத் தாண்டிய ஊரில் பாறையருகே கேட்பது இப்படித்தான். திருச்செந்தூரில் பூசை முடிந்ததைப் பாஞ்சாலங்குறிச்சியிலிருந்த கட்டபொம்மனுக்குத் தெரிவிக்க, வழிநெடுக மணிமண்டபங்கள் கட்டி ஒன்றன்பின் ஒன்றாக மணி அடித்தார்கள் என்று நம் பக்கத்தில் சொல்லப்படுகிறது. ஒலி தூரத்தின் இருமடிக்கு ஏற்ப நலிந்துவிடும் என்பதை நன்கு அறிந்தவர்களின் ஏற்பாடு அது.

உயிருள்ள சுற்றுப்புறம் பற்றியும் ஒரு வரி கேட்டிருந்தீர்கள்: வயலில் நாகசுரம் வாசித்தால் நெல் செழிக்குமா என்று. அந்த வகை உரிமைகோரல்களை நான் பொருட்படுத்துவதில்லை. ஆனால் ஒலி உயிரைத் தொடுவது உண்மை. அது வலிமையால் தொடுவதில்லை, செய்தியால் தொடுகிறது. கத்தரிப்பூவும் தக்காளிப்பூவும் சிலவகை வண்டு, தேனீக்களின் ரீங்கார அதிர்வில் தாராளமாக மகரந்தத்தை உதிர்க்கின்றன. மாலையில் மலரும் ஒரு பூச்செடி, தேனீயின் ரீங்காரத்தைக் கேட்ட மூன்று நிமிடத்துக்குள் தேனின் இனிப்பைக் கூட்டுவதாக டெல் அவிவ் பல்கலைக்கழகத்தார் 2019-இல் அறிவித்தனர். நாங்குநேரி வட்டத்துக் கூந்தன்குளத்தில், கூடு கட்டியிருக்கும் நாரைகளும் கொக்குகளும் மிரளக்கூடாது என்று ஊரார் தீபாவளிக்கு வெடி போடுவதைத் தவிர்க்கிறார்கள். அந்த வெடிச்சத்தம் கூட்டிலுள்ள ஒரு குச்சியைக்கூட அசைக்காது, பறவையைத்தான் கிளப்பும். கேட்பதற்கென்று ஓர் உறுப்பு இருக்கும் இடத்தில் சிறிய ஒலி பெரிய வேலை செய்யும். கல்லில் அந்த உறுப்புக்கு அருகில் வரக்கூடியது சுருதி சேர்ந்த தூண் ஒன்றே.

இனி உச்சக் காட்சி. உங்கள் ஆய்வாளரை இரும்புச் சுத்தியலோடு மண்டபத்துக்குள் அனுப்பாதீர்கள். தட்டித் தட்டியே தேய்ந்துபோன தூண்கள் தமிழ்நாட்டில் நிறைய உண்டு, வாசகருக்கும் அவர்மேல் மதிப்பு போய்விடும். தூணின்மேல் ஒட்டக்கூடிய சிறு அதிர்வு உணரியும், விரல் நகமும் போதும். ஒரே அளவுள்ள இரண்டு தூண்களை அவர் தேர்ந்தெடுக்கட்டும்: ஒன்று மேளக்காரர்கள் நிற்கும் இடத்துக்கு அருகில், மற்றது பருத்த தூணின் மறைவில். ஐப்பசி மாதத்தில், அர்த்தசாமப் பூசை முடிந்து நடை சாத்துவதற்கு முன் கிடைக்கும் கால் மணி நேரத்தில், அவர் இரண்டையும் அளக்கிறார். மறைவிலுள்ளது 278 ஹெர்ட்ஸ் காட்டுகிறது. மற்றது 271. அளவில் எங்கும் வேறுபாடு இல்லை. பருமனை நான்கு இடத்தில் அளந்து பார்க்கிறார். அப்போது விளக்கை அணைக்க வரும் வயதான கோயில் பணியாளர், அந்தத் தூணருகே தரையில் குழிந்து வழவழப்பாகிப்போன ஓர் இடத்தைக் காட்டி, "எங்க தாத்தா இங்கனதான் நின்னு ஒத்து ஊதுவாரு" என்கிறார். குரல் எதுவும் கேட்க வேண்டாம். காட்சியை அங்கே நிறுத்திவிடுங்கள்.